பாதிப் பெயர்: அம்பர் ராட்டையும் அன்றாடப் பொருளின் அறமும்

1

குமாரலிங்கபுரம் என்னும் பெயர் 2023ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் செய்தித்தாள்களில் திடீரென இடம்பெற்றது. நடுவண் அரசு நாடெங்கும் அறிவித்த ஏழு பெரும் ஜவுளிப் பூங்காக்களுள் தமிழகத்திற்குரியது விருதுநகர் மாவட்டத்துக் குமாரலிங்கபுரத்தில், 1,052 ஏக்கர் பரப்பில் அமையும் என்றது அச்செய்தி. நூற்பு, நெசவு, சாயம், தையல் ஆகிய அனைத்தும் ஒரே வளாகத்துக்குள் நிகழும் என்பதே அத்திட்டத்தின் சாரம்.

அருப்புக்கோட்டையும் திருச்சுழியும் சாத்தூரும் சூழ்ந்த இந்த வானம் பார்த்த பூமிக்குப் பருத்தி புதிதன்று. ஐப்பசி மழையை நம்பி விதைத்து, மாசி பங்குனியில் வெடித்த காயைப் பறித்து மடியில் கட்டிக்கொண்டு வந்தவர்களின் நிலம் இது. கருங்கண்ணி என்னும் நாட்டுப் பருத்தி இக்கரிசலில் வேரூன்றியது. அதன் மேம்பாட்டிற்கென 1901இல் தொடங்கப்பட்ட கோவில்பட்டி வேளாண் ஆய்வு நிலையம் தலைமுறை தலைமுறையாக உழைத்தது. அருப்புக்கோட்டைத் தெருக்களில் சாலியரும் தேவாங்கரும் தறி போட்டார்கள். விளைச்சலுக்கும் தறிக்கும் இடையில், பஞ்சை நூலாக்கும் ஒரு வேலை இருந்தது. அதைச் செய்தவள் பெண். அவள் எப்போது காணாமற் போனாள், அவளைத் திரும்ப அழைத்துவர ஒருவர் செய்த கருவி என்ன ஆயிற்று என்பதைச் சொல்ல முயல்வதே இக்கட்டுரை.

அன்றாடப் பொருள்களின் வடிவமைப்பு என்றவுடன் நம் காலத்து வாசகர்களுக்கு ஐரோப்பாவின் வடகோடி நினைவுக்கு வருவது இயல்பு. இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் பின்லாந்து தன் தட்டுகளாலும் கண்ணாடிக் குவளைகளாலும் முக்காலிகளாலும் உலகப் புகழ் பெற்றது. அதே ஆண்டுகளில் நம் தென்கோடியிலும் ஓர் அன்றாடப் பொருள் புதிதாக வடிவமைக்கப்பட்டது. அது கண்காட்சி எதிலும் பரிசு பெறவில்லை. ஆயினும் அதன் பின்னிருந்த சிந்தனை பின்லாந்துக்காரர்களின் சிந்தனைக்குச் சற்றும் குறைந்ததன்று என்பது எங்கள் துணிபு. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தால்தான் நம்முடையதன் உயரமும் அது விழுந்த இடமும் தெளிவாகப் புலப்படும்.

2

பின்லாந்தின் புகழ் செழிப்பில் பிறந்ததன்று. இரண்டாம் உலகப் போரின் முடிவில் அந்நாடு கரேலியா நிலப்பகுதியைச் சோவியத் ஒன்றியத்திடம் இழந்தது. 4 லட்சத்துக்கும் மேற்பட்ட கரேலிய மக்கள் வீடிழந்து பெயர்ந்து வந்தார்கள். போர் இழப்பீட்டைக் கப்பல்களாகவும் இயந்திரங்களாகவும் செலுத்தி முடிக்க 1952 வரை ஆயிற்று. சிறிய வீடுகள், குறுகிய சமையலறைகள், பற்றாக்குறையான பொருள்கள். இந்த நெருக்கடிக்குள்தான் ஒரு தட்டு எப்படி இருக்கவேண்டும் என்ற கேள்வி அங்கே எழுந்தது.

அக்கேள்வியைத் தொடங்கிவைத்தவர்களுள் ஒருவர் மாய்யு கேபார்ட் என்னும் பெண்மணி. வீட்டுவேலைகளை ஆராய்ந்த அவர், ஒரு குடும்பத்தில் பாத்திரம் கழுவித் துடைப்பதில் வாழ்நாளில் ஏறத்தாழ 30,000 மணி நேரம் கழிகிறது என்று கணக்கிட்டார். 1944–45ஆம் ஆண்டுகளில் அவர் உருவாக்கிய பாத்திர அலமாரிக்கு அடித்தளம் கிடையாது. இடைவெளி விட்ட தட்டுகள் மட்டுமே உண்டு. கழுவும் தொட்டிக்கு மேலேயே அது மாட்டப்படும். கழுவிய பாத்திரத்தை அதில் அடுக்கிவிட்டால் நீர் தானே வடிந்துவிடும். துடைக்கவேண்டிய வேலையே இல்லை. இன்றும் பின்லாந்துச் சமையலறைகளில் இதைக் காணலாம். அழகைப் பற்றிய கவலையிலிருந்து அன்று, ஒரு பெண்ணின் நேரத்தை எண்ணியதிலிருந்து பிறந்த வடிவம் இது.

அடுத்தவர் காய் பிராங்க். 1911இல் பிறந்த இவர் ஹெல்சிங்கியிலிருந்த அராபியா பீங்கான் ஆலையில் 1945 முதல் பணியாற்றினார். விருந்துக்கென்று நூறு உருப்படிகள் கொண்ட பூப்போட்ட பாத்திரத் தொகுதியை வாங்கிக் கண்ணாடிப் பெட்டியில் பூட்டிவைக்கும் வழக்கத்தை அவர் வெறுத்தார். 1953இல் விற்பனைக்கு வந்த அவருடைய ‘கில்டா’ வரிசையில் வட்டம், சதுரம், நீள்சதுரம் என்னும் எளிய வடிவங்களே இருந்தன. ஓவியம் கிடையாது, ஒற்றை நிறப் பூச்சு மட்டும். வேண்டிய உருப்படியைத் தனித்தனியே வாங்கிக்கொள்ளலாம். ஒன்று உடைந்தால் அதை மட்டும் மாற்றலாம். ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கலாம். அடுப்பிலிருந்து நேரே மேசைக்குக் கொண்டுவரலாம். 1970களின் நடுவில் நிறுத்தப்பட்ட அவ்வரிசை 1981இல் ‘தேமா’ என்ற பெயரில் மறுபிறப்பெடுத்தது.

இதே காலத்தில் மிலான் நகரின் மூவாண்டுக் கண்காட்சியில், 1951இல், தாப்பியோ விர்க்கலா மூன்று முதற்பரிசுகளைப் பெற்றார். பின்லாந்து வடிவமைப்பு உலகச் செய்தியானது அப்போதுதான். ஆக, அங்கே இரண்டு முகங்கள் இருந்தன: ஒன்று கண்காட்சியில் ஒளிர்ந்த கண்ணாடிக் கலைப்பொருள், மற்றொன்று சமையலறையில் தினமும் கழுவப்பட்ட தட்டு. உலகம் கொண்டாடியது முதலாவதை. வாழ்க்கையை மாற்றியதோ இரண்டாவது.

பின்லாந்துக்கும் நமக்கும் இடையே ஓர் எதிர்பாராத ஒற்றுமையும் உண்டு. தாம்பெரே நகரத்து அருவியின் விசையை நம்பி, 1820இல் அங்கே ஆலை தொடங்கியவர் ஜேம்ஸ் பின்லேசன் என்னும் ஸ்காட்லாந்துக்காரர். அவர் பெயரால் வளர்ந்த பருத்தி ஆலையைச் சுற்றியே அந்த நகரம் எழுந்தது. ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் கழித்து, 1880களில், நம் பாபநாசத்துத் தாமிரபரணியின் நீர்விசையை நம்பி ஆலை எழுப்பிய ஹார்வி சகோதரர்களும் ஸ்காட்லாந்துக்காரர்களே. பின்னர் தூத்துக்குடி கோரல் ஆலையும் மதுரை ஆலையும் அவர்களுடையவாயின. 1908இல் வ.உ. சிதம்பரனார் தலைமையேற்ற தொழிலாளர் வேலைநிறுத்தம் நடந்தது அந்தக் கோரல் ஆலையில்தான் என்பது வாசகர்கள் அறிந்ததே. தாம்பெரே ஆலைக்குப் பஞ்சு கடல் கடந்து வந்தது. ஹார்வி ஆலைகளுக்கோ கரிசற் பருத்தி கைக்கெட்டும் தொலைவிலேயே கிடைத்தது.

3

ஆலை நூல் வந்தபோது முதலில் வீழ்ந்தவள் நூற்பவள். இங்கிலாந்து நூலும் பின்னர் உள்நாட்டு ஆலை நூலும் மலிவாகக் கிடைத்தவுடன் நெசவாளி அதை வாங்கிப் பாவோட்டினான். அவன் தறி தப்பித்தது. நூற்றவளின் கதிர் மட்டும் பரணுக்குப் போயிற்று. நெசவாளியின் துயரத்திற்குப் பாட்டும் அறிக்கையும் விசாரணைக் குழுவும் உண்டு. வீட்டு முற்றத்தில் ஓசையின்றி நின்றுபோன நூற்புக்கு எதுவும் இல்லை.

இத்தனைக்கும் நம் மரபில் நூற்பவளுக்கு உயர்ந்த இடம் இருந்தது. சங்கப் பாடல்களில் அவள் வருகிறாள். நன்னூலின் பாயிரம், நூல் என்ற சொல்லின் இருபொருளை விரிக்கும்போது, சொல்லைப் பஞ்சாகவும், புலவனை நூற்கும் பெண்ணாகவும், அறிவைக் கதிராகவும் உருவகம் செய்கிறது. எழுத்தைப் பற்றிப் பேச நம் முன்னோர்க்கு ஒரு கைத்தொழில் தேவைப்பட்டபோது, அவர்கள் தேர்ந்தது கொல்லனையோ தச்சனையோ அன்று, நூற்கும் பெண்ணை.

அவளை மீண்டும் பொருளாதாரத்தின் நடுவுக்குக் கொண்டுவந்தவர் காந்தி. ஆனால் காந்தியின் கதர் இயக்கத்தைத் தேசபக்திச் சடங்காக மட்டும் பார்க்கப் பழகிவிட்ட நாம், அவர் எழுப்பிய ஒரு கூர்மையான தொழில்நுட்பக் கேள்வியை மறந்துவிட்டோம். 1929இல் அகில பாரதச் சர்க்கா சங்கத்தின் சார்பில் ஓர் அறிவிப்பு வெளியாயிற்று. நல்ல ராட்டையை வடிவமைப்பவருக்கு 1 லட்சம் ரூபாய் பரிசு! அன்றைக்கு அது மலைக்கத்தக்க தொகை.

அந்த அறிவிப்பின் நிபந்தனைகளைச் சற்று நிதானமாகப் படிக்கவேண்டும். கருவி எடை குறைந்ததாய், எடுத்துச் செல்லத்தக்கதாய், சாதாரணக் கிராமக் குடிசைக்குள் கையாலோ காலாலோ இயக்கத்தக்கதாய் இருக்கவேண்டும். ஒரு பெண் பெருமுயற்சியின்றி 8 மணி நேரம் தொடர்ந்து வேலை செய்யக்கூடியதாய் இருக்கவேண்டும். கையால் செய்த பஞ்சுத் திரியை ஏற்கவேண்டும், அல்லது பஞ்சைப் பன்னும் வசதி அக்கருவியிலேயே இருக்கவேண்டும். 8 மணி நேரத்தில் 12 முதல் 20ஆம் நம்பர் வரையிலான நூல் 16,000 அடி நூற்கவேண்டும். அதாவது ஏறத்தாழ 5 கிலோமீட்டர் நீளம். இந்தியாவிலேயே 150 ரூபாய்க்கு மிகாத செலவில் செய்யத்தக்கதாய் இருக்கவேண்டும். உரிய பராமரிப்புடன் 20 ஆண்டுகள் நிற்காமல் உழைக்கவேண்டும். ஆண்டுதோறும் பழுதுபார்க்கும் செலவு அதன் விலையில் 5 விழுக்காட்டைத் தாண்டக்கூடாது.

ஒரு பொருளைச் செய்யுமுன் அது யாருக்கு, எந்த அறையில், எத்தனை மணி நேரம், என்ன விலையில், எத்தனை ஆண்டுகளுக்கு என்று கேட்பதே நல்ல வடிவமைப்பின் தொடக்கம் என இன்று கல்லூரிகளில் கற்பிக்கிறார்கள். கேபார்ட் பெண்ணின் நேரத்தை எண்ணியதற்கும், பிராங்க் உடைந்த தட்டை மாற்றுவது பற்றி எண்ணியதற்கும் பல ஆண்டுகள் முன்னதாக இத்தனையையும் ஒரே பக்கத்தில் எழுதிவைத்த ஆவணம் இது. பழுதுச் செலவுக்குக்கூட உச்சவரம்பு விதித்த இந்த அறிவிப்பை, இந்திய வடிவமைப்பு வரலாற்றின் முதற்பக்கங்களில் ஒன்றாக வைக்கவேண்டும் என்பது எங்கள் கருத்து.

பரிசு யாருக்கும் கிட்டவில்லை. காந்தி எரவாடா சிறையில் இருந்தபோது உருவாக்கிய, பெட்டியாக மடியும் சிறு ராட்டை பரவலாயிற்று. எனினும் அதுவும் ஒரே கதிர்தான். 1948இல் காந்தி மறைந்தார். கேள்வி விடையின்றி நின்றது.

4

விடைக்கு மிக அருகில் வந்தவர் திருநெல்வேலி மாவட்டத்தைச் சேர்ந்த ஏகாம்பரநாதன். காந்தி மறைந்த மறு ஆண்டு, 1949இல், அவர் தம் ராட்டையின் முதல் வடிவத்தை உருவாக்கினார். அதன்பின் சில ஆண்டுகள் கதர் நிறுவனங்களின் சோதனைக் கூடங்களில் அது திருத்தம் பெற்று, நான்கு கதிர்கள் கொண்ட மரக் கருவியாக வடிவெடுத்தது.

அவர் செய்தது என்ன என்பதைப் புரிந்துகொள்ளப் பழைய ராட்டையின் இயல்பை அறியவேண்டும். ஒற்றைக் கதிர் ராட்டையில் ஒரு கை சக்கரத்தைச் சுற்றும். மறு கை பஞ்சுத் திரியைப் பிடித்து இழுக்கும். ஒரு முழ நீளம் முறுக்கேறியதும் இழுப்பதை நிறுத்தி, அந்த நூலைக் கதிரில் சுற்றவேண்டும். பிறகு மீண்டும் இழுப்பு. நூலின் பருமன் முழுவதும் விரல்களின் தேர்ச்சியைப் பொறுத்தது. இழைப்பது விரல் என்பதால் ஒரு பெண்ணுக்கு ஒரு கதிருக்கு மேல் இயலாது. பெரிய சக்கரம் பூட்டினாலும் இந்தத் தடை நீங்காது. காந்தியின் போட்டிக்கு முயன்றவர்கள் கடக்கவேண்டியிருந்த சுவர் இது.

ஆலைகளிலோ இதற்கு வேறு முறை இருந்தது. அடுத்தடுத்த உருளைச் சோடிகள் ஒன்றைவிட ஒன்று வேகமாகச் சுழன்று பஞ்சுத் திரியை மெலிதாக இழுக்கும். கதிரைச் சுற்றி ஒரு வளையம்; அதில் ஓடும் சிறு கம்பிக் கொக்கி, முறுக்குவதையும் சுற்றுவதையும் ஒரே நேரத்தில் செய்யும். நிறுத்தம் என்பதே கிடையாது. ஏகாம்பரநாதன் இந்த உருளையையும் வளையத்தையும் ஆலையிலிருந்து எடுத்து, கையால் சுழற்றும் ஒரு மரச் சட்டத்துக்குள் பொருத்தினார். இழைக்கும் வேலை விரலிலிருந்து உருளைக்குப் போயிற்று. அதனால் ஒருத்தி நான்கு கதிர்களை ஓட்ட முடிந்தது. தாமிரபரணி நீர்விசை சுழற்றிய அதே தத்துவத்தை ஒரு வீட்டுத் திண்ணைக்கு இறக்கிவைத்தார் எனலாம். பழமையைப் பாதுகாத்தவர் என்று அவரைச் சொல்வது பொருந்தாது. ஆலையின் அறிவைத் திரும்பப் பெற்றுவந்தவர் அவர்.

கருவிக்கு அவர் பெயரே சூட்டப்பட்டது. முழுப் பெயரன்று, அதன் நடுத்துண்டு மட்டும். ஏகாம்பரநாதனில் இருந்து ‘அம்பர்’ பிறந்தது. நாடெங்கும் அது அம்பர் சர்க்கா ஆயிற்று. தமிழில் அம்பரம் என்றால் ஆடை. வானம் என்றும் பொருள். ஆடைக்கான கருவிக்கு அதைவிடப் பொருத்தமான பெயர் கிட்டாது. ஆனால் அந்தப் பொருத்தமே அவருக்குப் பாதகமாயிற்று. வடநாட்டார் அதை வடமொழிச் சொல்லாகவே எடுத்துக்கொண்டார்கள். நாமும் அவ்வாறே கேட்டுக்கொண்டோம். அம்பர் ராட்டையை அறிந்தவர்களுள் அதன் பெயருக்குள் ஒரு திருநெல்வேலிக்காரர் இருப்பதை அறிந்தவர் மிகச் சிலரே.

5

1950களின் நடுவில் இந்த மரக் கருவி தேசியக் கொள்கையின் மையத்துக்கு வந்தது. கைத்தறிகளைப் படிப்படியாக விசைத்தறிகளாக மாற்றலாம் என்று கனுங்கோ தலைமையிலான ஜவுளி விசாரணைக் குழு 1954இல் பரிந்துரைத்திருந்தது. அடுத்த ஆண்டு அமைந்த கார்வே குழு அதற்கு நேர்மாறான திசையைக் காட்டியது: இரண்டாம் ஐந்தாண்டுத் திட்டக் காலத்தில் கூடுதலாகத் தேவைப்படும் துணியில் பெரும் பங்கைக் கைத்தறி நெய்யட்டும், அதற்கான நூலில் ஒரு பகுதியை அம்பர் தரட்டும். அறுவடைக்கும் விதைப்புக்கும் இடையே மாதக்கணக்கில் வேலையற்றிருக்கும் கரிசல் போன்ற நிலங்களுக்கு இதைவிட ஏற்ற யோசனை வேறென்ன இருக்கமுடியும்? 1956இல் எஸ்.எஸ். கேரா தலைமையில் ஒரு குழு அம்பரின் திறனை ஆராய்ந்தது. லட்சக்கணக்கான ராட்டைகள் வழங்கப்பட்டன.

ஆயினும் 1960களின் தொடக்கத்திற்குள் அவற்றில் பெரும் பகுதி தூசி படிந்து கிடந்தது. ஏன்?

சோம்பல் என்றும், ஆலை முதலாளிகளின் சதி என்றும் இரண்டு எளிய விடைகள் அந்நாளிலேயே புழங்கின. எங்களுக்கு மூன்றாவது விடை ஒன்று தோன்றுகிறது. அதைக் காண நாம் ராட்டையிலிருந்து கண்ணை எடுத்து, அதற்கு முன்னும் பின்னும் உள்ளதைப் பார்க்கவேண்டும்.

முன்னால் இருப்பது பஞ்சு. விரலால் நூற்பவள் பஞ்சின் குறையைத் தொட்டு உணர்வாள். திரி ஓரிடத்தில் தடித்திருந்தால் சற்று அதிகம் இழுப்பாள், மெலிந்திருந்தால் விட்டுக்கொடுப்பாள். உருளைக்கு அந்த உணர்வு கிடையாது. தடித்த திரி தடித்த நூலாகும். மெலிந்த திரி அறுந்துபோகும். ஆகவே அம்பருக்குச் சீரான திரி இன்றியமையாதது. இதற்காகவே பஞ்சைப் பன்னும் கருவியும், திரியாக்கும் ‘பேல்னி’ என்னும் கருவியும் ராட்டையோடு சேர்த்துத் தரப்பட்டன. ஆனால் வேலையில் கடினமானதும் அலுப்பூட்டுவதும் இந்த முன்வேலையே. நான்கு கதிர்கள் விரைந்து ஓடும்போது அவற்றுக்குத் தீனி போட்டு மாளவில்லை. கருங்கண்ணி போன்ற குட்டை இழைப் பருத்தி விரலுக்குப் பணிவது போல உருளைக்கு எளிதில் பணிவதில்லை என்பதும் சேர்ந்துகொண்டது. பின்னாளில் கதர் ஆணையமே பெரிய திரி ஆலைகளை நிறுவி, இயந்திரத்தில் செய்த திரியைக் கிராமங்களுக்கு அனுப்பும் நிலை வந்தது. பருத்தி விளையும் ஊரிலிருந்து பஞ்சு வெளியூருக்குப் போய்த் திரியாகித் திரும்பி வந்தது. அண்டைக் காட்டில் வெடித்த பஞ்சுக்கும் அவள் கதிருக்கும் இருந்த உறவு அத்துடன் அறுந்தது.

பின்னால் இருப்பது தறி. அருப்புக்கோட்டை நெசவாளியின் இடத்திலிருந்து இதைப் பாருங்கள். குழித்தறியில் அமர்ந்து நெய்பவனுக்குக் கூலி கெஜக் கணக்கில். பாவில் ஒரு இழை அறுந்தால் தறியை நிறுத்தி, அறுந்த முனையைத் தேடிப் பிடித்து, விழுதிலும் அச்சிலும் மீண்டும் கோத்துப் பிணைக்கவேண்டும். நாளொன்றுக்குப் பத்து முறை அறுவது நூறு முறையானால் அவன் கூலி பாதியாகும். மூன்று நான்கு தலைமுறையாக ஆலை நூலில் கைபழகியவன், சீரற்ற ராட்டை நூலை ஊடையில் வேண்டுமானால் ஏற்பான். பாவில் ஏற்கத் தயங்குவான். இந்தத் தயக்கத்தைத் தேசபக்தியின்மை என்று பழித்தவர்கள் ஒரு நாளேனும் தறிக்குழியில் காலை இறக்கியிருக்கமாட்டார்கள்.

இரண்டுக்கும் நடுவே நூற்பவளின் கூலி. ராட்டை நூல் ஆலை நூலைவிட விலை கூடியது. மானியம் கொடுத்தே துணியை விற்கவேண்டியிருந்தது. இவ்வளவு விலை கூடியும் அவள் கையில் சேர்ந்தது சொற்பம். 8 மணி நேரம் சிரமமின்றி வேலை செய்ய இயலவேண்டும் என்று 1929இன் நிபந்தனை கூறியது. அந்த 8 மணி நேரத்தின் முடிவில் அவள் என்ன கூலி பெறவேண்டும் என்பது அப்பட்டியலில் இல்லை. கருவியின் விலைக்கு உச்சவரம்பு இருந்தது. உழைப்பின் விலைக்குக் கீழ்வரம்பு இல்லை. நாங்கள் மிகவும் போற்றும் அந்த ஆவணத்தின் ஒரே ஓட்டை அதுதான். பின்னர் வந்த திட்டங்கள் அனைத்தும் அந்த ஓட்டை வழியாகவே ஒழுகிப்போயின.

காய் பிராங்கின் தட்டுக்கு இத்தகைய சோதனை நேரவில்லை. களிமண், சூளை, பூச்சு, தொழிலாளர், கடை எல்லாம் ஒரே நிறுவனத்தின் கைக்குள் இருந்தன. வடிவமைப்பவர் தம் எண்ணத்தைச் சங்கிலியின் முதற்கண்ணியிலிருந்து கடைசிக்கண்ணி வரை கொண்டுசெல்ல முடிந்தது. ஏகாம்பரநாதனுக்கு வாய்த்தது நீண்ட சங்கிலியின் ஒரு கண்ணி மட்டுமே. அதை அவர் திறம்படச் செய்தார். மற்றக் கண்ணிகளை யாரும் செய்யவில்லை. 1970களில் உலோகத்தாலான, ஆறும் எட்டும் அதற்கு மேலும் கதிர்கள் கொண்ட புதிய மாதிரி ராட்டைகள் வந்தன. இன்று கதர் நிறுவனங்களில் சுழல்பவை அவற்றின் வழிவந்தவையே. ஏகாம்பரநாதனின் தத்துவம் அவற்றுள் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

6

இனிப் பெயரைப் பற்றி. 1958இல் இந்திய அரசின் அழைப்பின்பேரில் வந்த அமெரிக்க வடிவமைப்பாளர்களான சார்லஸ், ரே ஈம்ஸ் தம்பதியர் ஓர் அறிக்கை அளித்தனர். அதன் விளைவாக 1961இல் அகமதாபாத்தில் தேசிய வடிவமைப்பு நிறுவனம் உருவாயிற்று. இந்தியாவில் தாங்கள் கண்ட பொருள்களில் ஆகச் சிறந்ததாக அவர்கள் சொன்னது நம் வீட்டுச் செம்பை. எவ்வளவு நீர் கொள்ளும், இடுப்பில் எப்படி அமரும், தலையில் எப்படி நிற்கும், சாய்த்தால் எப்படி ஊற்றும் என்று ஒரு செம்புக்குள் அடங்கிய கேள்விகளை வியந்து அடுக்கினார்கள். அதைத் தனியொருவர் வடிவமைக்கவில்லை. தலைமுறைகள் வடிவமைத்தன என்பதே அவர்களுடைய வியப்பின் உள்ளுறை.

காய் பிராங்கும் 1960களில் இதையொத்த நிலைக்கு வந்துசேர்ந்தார். அன்றாடப் பொருளை வடிவமைப்பவரின் பெயரை முன்னிறுத்தி விற்கக்கூடாது என்று அவர் வாதாடினார். தட்டு தட்டாக இருந்தால் போதும், பிராங்கின் தட்டாக இருக்கவேண்டியதில்லை என்பது அவர் கொள்கையின் சாரம். உயர்ந்த எண்ணம்தான். ஆனால் நாம் இங்கே சற்று நிற்கவேண்டும். பெயர் பெற்றவர் அதைத் துறப்பது ஒன்று. பெயர் பெறாதவரிடமிருந்து அது நழுவிப்போவது வேறொன்று. பிராங்கின் பெயர் அவர் மறுத்த பிறகும் அருங்காட்சியகங்களில் நிற்கிறது. ஏகாம்பரநாதன் துறக்கவில்லை, அவரை யாரும் கேட்கவும் இல்லை.

செம்பைப் போற்றும் அதே மூச்சில் கைவினைஞரின் பெயரின்மையையும் அழகாக்கிப் பேசுவது நம்மிடையே ஒரு வழக்கமாகிவிட்டது. கிராமத்தான் பெயர் வேண்டாதவன், மரபு அவன் மூலம் பேசுகிறது என்கிறோம். நெசவாளர் சேவை மையத்தில் பணியாற்றிய ஓவியர் ஆதிமூலத்தை நாம் அறிவோம். காந்தி நூற்றாண்டில் அவர் தீட்டிய காந்தி கோட்டோவியங்களையும், கி. ராஜநாராயணனின் கரிசல் எழுத்துகளுக்கு அவர் தந்த கோடுகளையும் போற்றுகிறோம். அது நியாயம். அம்மையங்களின் வடிவங்களைத் தறியில் ஏற்றிச் சேலையாக்கியவர்களின் பெயரை நாம் கேட்டதுண்டா? கோட்டுக்குப் பெயர் உண்டு. இழைக்குப் பெயர் இல்லை. இந்தப் பாகுபாட்டில் இலக்கிய வாசகர்களாகிய நமக்கும் பங்கு இருக்கிறது.

பின்லாந்தை நாம் பொற்காலமாக எண்ணி ஏங்கவும் வேண்டியதில்லை. ஹெல்சிங்கியிலிருந்த அராபியா ஆலை 2016இல் தன் உற்பத்தியை நிறுத்தியது. அந்தத் தட்டுகள் இப்போது வேறு நாடுகளில் செய்யப்படுகின்றன. பெயரும் வடிவமும் அங்கே தங்கின. செய்யும் கைகள் இடம் மாறின. அவர்களுக்கு நேர்ந்ததும் நமக்கு நேர்ந்ததும் ஒரே கேள்வியின் இரு பக்கங்கள்.

7

குமாரலிங்கபுரத்திலிருந்து நெடுந்தொலைவில் இல்லாத தே. கல்லுப்பட்டியில், 1940இல் தொடங்கப்பட்ட காந்தி நிகேதன் ஆசிரமம் இருக்கிறது. ஜே.சி. குமரப்பா தம் கடைசி ஆண்டுகளை அங்கேதான் கழித்தார். 1960 ஜனவரி 30 அன்று, காந்தியின் நினைவு நாளிலேயே, மறைந்தார். வார்தாவின் மகன்வாடியில் அவர் பொறுப்பிலிருந்தபோது, மண்ணெண்ணெய்க்குப் பதில் தாவர எண்ணெயில் எரியும் ‘மகன் தீபம்’ என்னும் விளக்கு அங்கே உருவாக்கப்பட்டது. ஒரு விளக்கை ஏற்றும்போது அதன் எண்ணெய் எங்கிருந்து வருகிறது, அதற்குக் கொடுத்த காசு எங்கே போகிறது என்று கேட்கச் சொன்னவர் குமரப்பா. பொருளின் வடிவம் அதன் உருவத்தோடு முடிவதில்லை. அது தொடும் ஒவ்வொரு கையும் அதன் வடிவத்தில் அடங்கும் என்பதே அவருடைய பொருளியலின் உட்கிடை. அம்பர் ராட்டைக்கு வாய்க்காமற் போனது இந்தப் பார்வைதான்.

ஜவுளிப் பூங்காவை எதிர்ப்பதற்காக நாங்கள் இதை எழுதவில்லை. மழை பொய்த்தால் திருப்பூருக்கும் சென்னைக்கும் பிள்ளைகளை அனுப்பும் ஊர்களில் வேலை வேண்டாம் என்று சொல்ல எங்களுக்கு உரிமை இல்லை. மரக் கதிரைத் திரும்பச் சுழற்றவேண்டும் என்ற ஏக்கமும் எங்களுக்கு இல்லை. நாங்கள் கேட்பது ஒன்றே: 1929இல் எழுதப்பட்ட அந்த நிபந்தனைப் பட்டியலைப் போல, இந்த 1,052 ஏக்கருக்கும் யாரேனும் ஒரு பட்டியல் எழுதவேண்டும். ஒரு பெண் 8 மணி நேரம் பெருஞ்சிரமமின்றி வேலை செய்ய இயலவேண்டும் என்பது அதன் முதல் வரியாக இருக்கட்டும். அவள் மாலையில் என்ன கூலியோடு வீடு திரும்புவாள் என்பது, அன்று விடுபட்டுப் போனது, இரண்டாம் வரியாக இருக்கட்டும். இந்தக் கரிசலில் விளையும் பஞ்சுக்கு அங்கே இடமுண்டா என்பது மூன்றாவது.

எட்டாம் வகுப்புப் பாடத்திலோ, ஊர் நூலகத்தின் ஒரு சிறு பலகையிலோ, அப்பூங்காவின் வாயிலிலோ, எங்கேனும் ஓரிடத்தில் அந்தப் பெயரை முழுதாக எழுதிவைப்பதும் நம்மால் ஆகக்கூடியதே. ஏகாம்பரநாதன் என்று.